அரைக் கட்டை

உண்மையைச் சொன்னால்
தைலம்மா பாடியது ஐந்து கட்டை.
தட்டில் ஐந்தரை.
இது தெரிந்திருந்தவர்கள் மூன்று பேர்,
இரண்டு பேர் போய்விட்டார்கள்.

அறுபத்தொன்று, ஜூன் மாதம்.
கிரே ஸ்ட்ரீட்டில் தையல்கடைக்கு மேல் ஓர் அறை.
சன்னலில் கம்பளி அடித்து
பஸ் சத்தத்தை வெளியே நிறுத்தியிருந்தோம்.
கீழே கல்யாண சூட்டுகளுக்கு
நாலு இஸ்திரிப்பெட்டி ஒரே நேரத்தில் சூடேற,
மேலே கரன்ட் மெலிந்து
டேப் மெஷின் நொண்டி நொண்டி ஓடியதை
அன்று யாரும் கவனிக்கவில்லை.
அக்கா பகலெல்லாம் துணி ஆலையில் நின்றுவிட்டு வந்திருந்தாள்.
ஒரே தடவை பாடினாள்.
"பஸ் போயிடும், பெட்டியை மூடுடா" என்றாள்.

நொண்டி ஓடியதை நேராக ஓடவிட்டால் குரல் ஏறும்.
ஏறியது.
பதினாறு வயசுப் பெண் போல என்றார்கள்,
கண்ணாடி வளையல் போல என்றார்கள்.
அது ஒரு தாலாட்டு, பாருங்கள்.
டர்பனிலிருந்து பீட்டர்மாரிட்ஸ்பர்க் வரை
வீட்டுக்கு வீடு சுழன்ற தாலாட்டு.
ஒரு குழந்தையாவது அதைக் கேட்டுத் தூங்கியதாக
நான் கேள்விப்படவில்லை.

முதல் கல்யாணக் கச்சேரியிலேயே
பின்வரிசையில் ஒருவன் கத்தினான்:
"தட்டுல இருக்கற மாதிரி பாடும்மா!"
அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தாள்.
என் விரல் வெள்ளையிலிருந்து பக்கத்துக் கறுப்புக்குப் போனது.
அந்த நாளில் இந்த நாட்டில்
யாரையும் கேட்காமல், காகிதம் காட்டாமல்
அந்தக் கோட்டைத் தாண்டியது
அநேகமாக என் விரல் மட்டும்தான்.

பிறகு பத்தொன்பது வருஷம்.
கிளேர்வுட்டிலிருந்து எங்களைப் பெயர்த்து
சாட்ஸ்வொர்த்தில் நட்ட பிறகும்
சனி ஞாயிறு தவறாமல் அந்த அரைக் கட்டை.
மேலே போகும்போது கழுத்தில் ஒரு நரம்பு எழும்பும்,
சனங்கள் அதைப் பக்தி என்பார்கள்.
காரில் திரும்பும்போது பேசமாட்டாள்.
ஃப்ளாஸ்க்கில் வெந்நீர், உப்பு, கார்க் கண்ணாடியில் தலை.
எண்பதில் ஒரு நாள் குரல் வரவேயில்லை.
ஒரு சீட்டில் எழுதிக் காட்டினாள்:
"அரையை ஏத்தினது உன் விரல்."
அதை வாங்கிக் கிழித்தேன்.
அவள் கையெழுத்தில் நான் பத்திரப்படுத்தாத
ஒரே தாள் அது.

மற்றதெல்லாம் இருக்கிறது.
புடவை இரண்டு கண்ணாடிப் பெட்டியில்,
பாட்டு நோட்டுகள் கரையானுக்கு எட்டாத உயரத்தில்,
வருஷத்துக்கொரு நினைவுப் போட்டி.
அறிவிப்பாளர் என் பேரை விட்டுவிட்டு
"தைலம்மாவின் தம்பி" என்பார்.
அது என் உத்தியோகம்.

போன மாசம் வானொலியிலிருந்து திருஷன் என்கிற பையன்
லேப்டாப்போடு வந்தான்.
கொஞ்சம் மெதுவாக்க முடியுமா என்று கேட்டேன்.
"எவ்வளவு, அங்கிள்?"
ஐந்து கட்டை வரும்வரை.

வந்தது.
கூடத்துக்குள் ஒரு பெண் வந்து நின்றாள்.
இருபத்தாறு வயது, கால் வலிக்கிறது அவளுக்கு.
இரண்டாவது அடியில் கொட்டாவியை விழுங்குகிறாள்.
நடுவில் நான் ஒரு ஸ்வரம் தப்பாக வாசிக்கிறேன்,
இத்தனை காலம் வேகத்தில் ஒளிந்திருந்தது.

"இதையே போடலாமே, இதுதானே ஒரிஜினல்?"
வேண்டாம் என்றேன்.
ஏன் என்றான்.
அறுபது வருஷம் அந்த வளையல் குரலோடு
பிள்ளை பெற்றுப் பிணம் எடுத்த சனங்களிடம்
அவள் இவள் இல்லை என்று
எந்த வாயால் சொல்வது?
அதை அவனிடமும் சொல்லவில்லை.
டீ குடித்தோம்.

நேற்று போட்டி.
பதினோரு பெண்கள், ஒரே தாலாட்டு, ஒரே ஐந்தரை.
எட்டாவதாக லெவாஷ்னி, வெரூலம் பெண்.
ஏறும்போதே தொண்டையைத் தடவிக்கொண்டாள்.
கழுத்தில் அதே இடத்தில் அந்த நரம்பு.
நான் யோசிக்கவில்லை.
விரல் கறுப்பிலிருந்து வெள்ளைக்கு இறங்கிவிட்டது.
ஒரு கணம் திகைத்தாள்.
பிறகு தோளைத் தளர்த்தி,
யாரும் பார்க்காதது போலப் பாடினாள்.

மார்க் தாளில் நடுவர் சிவப்பு மையில் எழுதியிருந்தார்:
"குரல் நன்று. சுருதி குறைவு.
தைலம்மா அம்மையாரைக் கவனமாகக் கேட்டுப் பழகவும்."
கீழே, அமைப்பாளர் என்ற இடத்தில்
நான் கையெழுத்துப் போட்டேன்.